படம் வரலைங்க

எனக்குக் கோபம் வந்தால் அதை முதலில் சோற்றின் மேல்தான் காட்டுவேன். தம்பியின் கல்யாண ஆல்பம் வந்த அன்றும் அப்படித்தான். எனக்குப் பிடிக்கும் என்று அம்மா கொள்ளுப் பருப்பு கடைந்து வைத்திருந்தாள். நான் ஆல்பத்தை முதலிலிருந்து கடைசிவரை புரட்டினேன். எங்காவது இரண்டு தாள் ஒட்டிக்கொண்டிருக்கும் என்று நகத்தால் கீறிப் பார்த்து மறுபடியும் புரட்டினேன். பிறகு மூடி வைத்துவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று மகளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கிளம்பிவிட்டேன். அம்மா வாசல்வரை வந்தாள். என்ன ஆயிற்று என்று கேட்கவில்லை. கேட்காததிலிருந்தே அவளுக்கு விஷயம் தெரியும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

ஆல்பத்தில் இல்லாதது நான்.

முழுக்க இல்லை என்று சொல்ல முடியாது. பந்தியில் யாருக்கோ ரசம் ஊற்றுகிறேன். குரூப் போட்டோவில் மூன்றாவது வரிசையில் பாதித் தலையாக நிற்கிறேன். இல்லாதது இணைச்சீர். எங்கள் பக்கம் தாலி கட்டுவதற்கு முன்னால் மாப்பிள்ளைக்கு அவன் உடன்பிறந்தவள் செய்கிற சீர் அது. அக்காளோ தங்கையோ அவனுக்குப் பக்கத்தில் இருந்து கூறைச் சேலையின் ஒரு முனையைக் கையில் பிடித்துக்கொள்வாள். மறுமுனை அவன் கக்கத்தில் இருக்கும். அவன் யாரைக் கட்டினாலும் இந்தப் பிடி விட்டுப்போகாது என்று ஊரறியச் சொல்வதாகத்தான் நான் அதைப் புரிந்துகொண்டிருக்கிறேன். ஒரு வீட்டில் பெண்ணாகப் பிறந்தவளுக்கு அந்தப் பத்து நிமிஷம் பெரிய மரியாதை.

என் கணவர் மாரடைப்பில் போய் அப்போது நான்கு வருடம் ஆகியிருந்தது. அதனால் சீருக்கு நான் உட்காரக்கூடாது, தன் மகள் உட்காரட்டும் என்றார் பெரியப்பா. அப்பா இல்லாத வீட்டில் எல்லாவற்றுக்கும் அவர்தான் முன்னால் நிற்பவர், அவர் சொல்லை யாரும் தாண்டியதில்லை. தம்பி தாண்டினான். பட்டு வேட்டியோடு மண்டபத்து நடுவில் நின்றுகொண்டு, "எங்கக்கா உக்காந்தாத்தான் நான் உக்காருவேனுங்க. இல்லீன்னா கல்யாணத்தை நிறுத்திக்கலாங்க" என்றான். வாய் திறந்து நாலு வார்த்தை பேசாதவன் அவன். பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார். நான் உட்கார்ந்தேன். அரக்கு நிறத்தில், இளம்பிள்ளை ஊரில் நெய்த பட்டு கட்டியிருந்தேன். எதிரே கேமரா மட்டும் விடாமல் மின்னிக்கொண்டிருந்தது.

அந்த மின்னல்களில் ஒன்றுகூட எனக்குக் கிடைக்கவில்லை. விடிவதற்கு முன் நடந்த சீர் என்பதால் சொந்தக்காரர்களில் பாதிப் பேர் தூக்கத்தில் இருந்தார்கள், மீதிப் பேர் பெரியப்பா பின்னால் போய்விட்டார்கள். என் போன் மகளிடம் இருந்தது, அவள் கேம் விளையாடி சார்ஜைத் தீர்த்திருந்தாள். கொடுத்த வீடியோவில் அந்த இடத்தில் ஒரு பாட்டைப் போட்டு சமையல்கூடத்தையும் சாம்பார் அண்டாவையும் காட்டியிருந்தார்கள். ஸ்டூடியோக்காரரைக் கேட்டேன். ஹார்ட் டிஸ்க் போய்விட்டது என்று கையை விரித்தார். படங்களை எல்லாம் ஒரு இணையப் பக்கத்தில் ஏற்றி இரண்டு மாதம் வைத்திருந்தாராம். ஆல்பத்துக்கு எது வேண்டுமோ அதன் மேல் இதயம் போட்டு வீட்டாரே தேர்ந்தெடுத்துக்கொள்ள வேண்டியது. இரண்டு மாதம் முடிந்ததும் பக்கம் தானாகவே அழிந்துவிடும்.

"உங்கம்மாதானுங்க பாத்து எடுத்தாங்க. சீர் படத்துல ஒண்ணுக்குக்கூட அவங்க இதயம் போடலீங்களே" என்றார்.

அம்மாதான் வேண்டாம் என்று விட்டிருக்கிறாள். பெரியப்பாவுக்குப் பயந்து. எனக்கு அதுதான் நெஞ்சில் முள்ளாகத் தைத்தது. தினமும் போன் செய்வாள். சாப்பிட்டாயா என்பாள், சாப்பிட்டேன் என்பேன். பாப்பா சாப்பிட்டாளா என்பாள், சாப்பிட்டாள் என்பேன். நான்கு மாதம் எங்கள் பேச்சு சோற்றைத் தாண்டவில்லை.

ஆடி முதல் வெள்ளிக்குக் கோயிலில் கூடியிருந்தபோது ஒரு சித்தி என் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டு யாரிடமோ சொன்னாள்: "இவ தம்பி கல்யாணத்துக்கு இணைச்சீர் பெரியப்பன் மவதான செஞ்சா? நல்லாச் செஞ்சா." அவள் பொய் சொல்லவில்லை. ஆல்பத்தில் பெரியப்பா மகள் மாலை மாற்றும்போது, தாலி கட்டும்போது, ஆரத்தியின்போது என்று பக்கத்துக்குப் பக்கம் நிற்கிறாள். பார்த்தவர்கள் அப்படித்தான் நினைப்பார்கள். ஆறே மாதத்தில் நான் செய்த சீர் அவளுடையதாகிவிட்டது. இல்லை, நான்தான் செய்தேன் என்று சொல்ல வாயெடுத்தேன். படம் எங்கே என்று கேட்டால் என்ன காட்டுவது? பொங்கலை வாங்காமல் எழுந்து வந்துவிட்டேன். நான்தான் சொன்னேனே, சோற்றின் மேல்தான் காட்டுவேன்.

சேலத்தில் ஒரு அச்சகத்தில் நான் டிசைன் வேலை பார்க்கிறேன். கல்யாணப் பத்திரிகை, காதுகுத்து ஃப்ளெக்ஸ், கடைத் திறப்பு நோட்டீஸ். சேலத்துச் சந்திப்புகளில் ஃப்ளெக்ஸில் சிரித்துக்கொண்டு நிற்கிற மாமன்மார்களில் பாதிப் பேரை வெளுப்பாக்கியது நான்தான். கோயிலுக்குப் போய்வந்த மறுநாள் காலை, மேச்சேரியிலிருந்து ஒரு ஆட்டுக்காரர் வந்தார். அவர் வளர்த்த கிடாவின் படத்தைப் போட்டு ஃப்ளெக்ஸ் அடிக்க வேண்டும். கிடாவை விற்றுவிட்டார். போனில் இருந்த படத்தைப் பேரன் அழித்துவிட்டான். விற்பனைக்கு என்று இணையத்தில் போட்டிருந்த பக்கமும், விற்றதும் காணாமல் போய்விட்டது. மூன்று நாள் முன்பு அளவு கேட்க வந்தபோது அந்தப் பக்கத்தை எங்கள் கம்ப்யூட்டரில் ஒருமுறை திறந்து காட்டியிருந்தார், அவ்வளவுதான்.

"ஒருமுறை பார்த்தோம்ல, போதும்" என்றாள் என்னோடு வேலை செய்பவள். அவள் ஞாயிற்றுக்கிழமை பூசையையும் கம்ப்யூட்டர் வேலையையும் ஒரே பயபக்தியோடு செய்கிறவள். "பிரவுசர் தான் பார்த்த படத்தையெல்லாம் மெஷினுக்குள்ளயே ஒரு காப்பி எடுத்து வெச்சுக்கும் அக்கா. அடுத்த தடவை சீக்கிரம் காட்டறதுக்காக. அதுக்குப் பேரு கேஷ்."

எங்கேயோ ஒரு ஃபோல்டருக்குள் போனாள். பெயரில்லாத கோப்புகள் நூற்றுக்கணக்கில் கிடந்தன. எதையோ செய்து எல்லாவற்றையும் படமாக விரித்தாள். சாமி படம், சேலை படம், பூ பார்டர், அவற்றுக்கு நடுவில் செம்பழுப்பு நிறத்தில் காதைத் தொங்கவிட்டுக்கொண்டு ஜம்மென்று நின்றது கிடா. ஆட்டுக்காரர் எழுந்து நின்றுவிட்டார். "அட என்ற ராசா! நீ இங்கயா இருக்கறே!" என்றார்.

நானும் எழுந்து நின்றுவிட்டேன். உடம்பெல்லாம் சிலிர்த்தது. விற்றுப்போன கிடாவே திரும்பி வரும்போது நான் வரமாட்டேனா? அம்மா கல்யாணப் படங்களை எதில் பார்த்தாள்? அவளும் தம்பியும் இருக்கிற கோழிப்பண்ணை வீட்டு ஆபீஸ் அறைக் கம்ப்யூட்டரில் பார்த்தாள். திரை பெரிதாக இருக்கும் என்று தம்பிதான் அதில் திறந்து கொடுத்திருந்தான். அப்படியானால் சீர் படம் இன்னும் அந்த மெஷினுக்குள்தான் கிடக்க வேண்டும்!

"பழசுன்னா புதுசு வந்து தள்ளிடும்" என்றாள் அவள். "அதிகம் பார்க்காத மெஷின்னா இருக்கலாம். யாரும் கேஷைக் கிளியர் பண்ணாம இருந்தா."

அம்மாவுக்குப் போன் போட்டேன். எடுத்ததும் சாப்பிட்டாயா என்றாள்.

"அம்மா, அந்த ஆபீஸ் ரூம் கம்ப்யூட்டரை இனிமே தொடாத."

"ஏஞ்சாமி?"

காரணத்தைச் சொல்லியிருக்கலாம். நான்கு மாதக் கோபம் விடவில்லை. உன்னால் வந்த வினையைச் சரிசெய்ய வருகிறேன் என்று அவளிடம் சொல்வதா? "தொடாதன்னாத் தொடாத" என்றேன். "அதுல யாராச்சும் கேஷ் கிளியர் பண்ணீங்களா?"

"நாந்தான் பண்ணுனேன். படம் வரலைன்னு தம்பிகிட்டச் சொன்னனா, கேஷ் கிளியர் பண்ணுமான்னு சொல்லுச்சு. நாலஞ்சு தடவை பண்ணியாச்சு. அப்பவும் வரலை. அதுக்குத்தான் நாமக்கல்லுல இருந்து சர்வீஸ்காரரை வரச்சொல்லியிருக்குது. ஒரு மணிக்கு வாராரு. என்னமோ ஃபார்மேட்டாமா, அதைப் பண்ணுனாச் சரியாயிருமாம்."

அம்மாவுக்கு மத்தியானம் பழைய படம் பார்க்கிற பழக்கம் உண்டு. யூடியூபில் யாரோ அழுவதைப் பார்ப்பதற்காக நாலு தடவை கேஷை அழித்து, இப்போது மெஷினையே துடைத்து எடுக்கப் போகிறாள். "நான் வாரேன். அவர் வந்தா உக்கார வெய்யி. நான் வர்ற வரைக்கும் தொடக்கூடாதுன்னு சொல்லு" என்றேன்.

"அவருக்கு வேற எடத்துக்குப் போகோணுமாமா. ஆட்டுஞ்சாமி, சொல்றேன்" என்றாள். அந்த "ஆகட்டும்" எனக்குச் சரியாகப் படவில்லை.

தம்பியைக் கூப்பிட்டேன். ஆடிக்கு மாமனார் வீட்டில் விருந்தில் இருந்தான், போன் அடித்துக்கொண்டே இருந்தது. மணி பதினொன்றேகால். அரை நாள் லீவு சொல்லிவிட்டு, படம் கிடைத்தால் ஏற்றிக்கொள்ளலாம் என்று எதற்கும் ஒரு பென் டிரைவைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினேன். நாமக்கல் என்று போட்டிருந்த முதல் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் கண்டக்டர் சொன்னார், அது பாயின்ட் டு பாயின்ட்.

"புதுச்சத்திரத்துல நிக்காதுங்க. நாமக்கல் போயித்தான் திரும்பி வரோணும்."

"அண்ணா, ஒரு நிமிஷம் நிறுத்துங்க. உசுருப் பிரச்சனைங்க."

"யாருக்குங்க?"

எனக்குத்தான் என்று சொன்னேன். அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். ஆண்டகளூர்கேட் தாண்டும்போது மறுபடி போய் அவர் சீட்டுக்கு முன்னால் நின்றேன். கண் கலங்கியிருந்தது, அது நடிப்பில்லை. நாலு தடவை கிளியர் பண்ணியிருக்கிறாள், போய்த்தான் என்ன ஆகப்போகிறது, திரும்பிவிடு என்று ஒரு மனது சொல்லிக்கொண்டே இருந்தது. இன்னொரு மனது, மிச்சம் மீதி ஒரு துணுக்காவது இருக்கும், என் கை மட்டுமாவது இருக்கும் என்றது. புதுச்சத்திரம் வந்ததும் கண்டக்டர் விசிலை எடுத்து ஒரு ஊது ஊதினார். "சீக்கிரம் எறங்குங்க, செக்கிங் வந்தா என்ற வேலை போயிரும்" என்றார். அவர் நன்றாக இருக்க வேண்டும்.

பண்ணைக்கு அங்கிருந்து இரண்டு கிலோமீட்டர். ஆடிக் காற்று புழுதியை வாரி முகத்தில் அடித்தது. ஆட்டோ ஒன்றும் இல்லை. தீவன மூட்டை ஏற்றிக்கொண்டு போன மினி வண்டியைக் கை காட்டி நிறுத்தி ஏறிக்கொண்டேன். கோழி ஷெட்டுகளின் வாசனை வந்தபோது மணி ஒன்றேகால். ஆபீஸ் அறைக்கு வெளியே ஒரு பைக் நின்றது.

உள்ளே ஓடினேன். சர்வீஸ்காரர் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து மவுஸைப் பிடித்திருந்தார். நாற்பது நாற்பத்தைந்து வயது, சட்டைப் பையில் இரண்டு ஸ்குரூ டிரைவர்.

"கையை எடுங்க!" என்று கத்தினேன்.

அவர் கையை எடுத்தது மட்டுமில்லாமல் இரண்டு கையையும் தூக்கியே விட்டார். "நான் ஒண்ணும் பண்ணலீங்க. அம்மா உக்காரச் சொன்னாங்க, உக்காந்திருக்கறனுங்க. சும்மா முட்டை ரேட்டு பாத்துட்டிருந்தேன்."

மூச்சு வாங்க வாங்க விஷயத்தைச் சொன்னேன். ஆறு மாசத்துக்கு முந்தைய கல்யாணப் படம், அழிந்துபோன பக்கம், கேஷ், மேச்சேரிக் கிடா. அவர் கண் விரிந்தது. "அட, நல்ல வேலையா இருக்குதே! ஃபார்மேட் பண்ணிப் பண்ணிச் சலிச்சுப்போச்சுங்க" என்று நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"ஆனா கேஷை ஏற்கெனவே கிளியர் பண்ணிட்டாங்களாம். நாலஞ்சு தடவை" என்றேன்.

அவர் முகம் சுருங்கிவிட்டது. அம்மா அடுக்களையில் எனக்குச் சோறு எடுத்துக்கொண்டிருந்தாள். கூப்பிட்டேன்.

"அம்மா, கேஷ் கிளியர் எப்படிப் பண்ணுனே? எதை அமுத்துனே, காட்டு."

அம்மா ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். கம்ப்யூட்டர் பக்கமே போகவில்லை. மேசை டிராயரை இழுத்தாள். முட்டை வண்டிக்காரர்கள் கொடுத்த நோட்டுகள் கொஞ்சம் கிடந்தன. "இதுல இருக்கற கேஷை எடுத்துட்டுப் போயி ஊட்டுப் பீரோவுல வெச்சுப் பூட்டிருவேன். கிளியரா ஒரு ரூவா இல்லாமப் பண்ணிருவேன். அதென்னமோ, டிராயர்ல கனம் இருந்தா மெஷினுக்கு ஆகாதாட்ட இருக்குது."

சர்வீஸ்காரர் வாயைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியது. நான் அம்மாவைக் கட்டிப்பிடித்து இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தேன். நான்கு மாதத்துக்குப் பிறகு அவளைத் தொடுகிறேன் என்பது அப்புறம்தான் உறைத்தது. அம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. "நல்லதா கெட்டதா, சொல்லித் தொலைங்க" என்று முணுமுணுத்துக்கொண்டே டீ வைக்கப் போனாள்.

"நம்ம அதிர்ஷ்டம், இவங்க கோழிக்குத்தான் மருந்து தெரிஞ்சவங்க" என்றார் சர்வீஸ்காரர். பிரவுசரை மூடப் போனார். மூடும்போது எல்லாவற்றையும் அழிக்கச் சொல்லி ஏதாவது ஏற்பாடு இருந்தால் என்ன செய்வது என்று மறுபடி கத்தினேன். அவர் செட்டிங்கைத் திறந்து பார்த்து, இல்லை என்று காட்டிவிட்டு, "நீங்க கத்தற கத்துல ஹார்ட் டிஸ்க்குக்கே நெஞ்சு வலி வந்துருமுங்க" என்றார். முதலில் அந்த ஃபோல்டரை அப்படியே என் பென் டிரைவுக்கு ஏற்றினார். எது நடந்தாலும் ஒரு நகல் கையில் இருக்கும். பச்சைக் கோடு மெல்ல மெல்ல நகர்ந்தது. வெளியே காற்றில் கரண்ட் கம்பி ஆடியது, மின்விசிறி ஒரு தடவை வேகம் குறைந்தது. இந்த ஆடியில் கரண்ட் போனால் எப்போது வரும் என்று யாரும் சொல்ல முடியாது. நான் என் குலசாமியைக் கூப்பிட்டேன், அவர் அவருடையதைக் கூப்பிட்டார் என்று நினைக்கிறேன், உதடு அசைந்தது. ஏறி முடிந்தது.

பிறகு அவர் பையிலிருந்து இன்னொரு பென் டிரைவை எடுத்து ஒரு சின்ன புரோகிராமை ஓடவிட்டார். பிரவுசர் எதையெதை வைத்திருக்கிறது என்று அது வரிசையாகக் காட்டும். எந்தப் பக்கத்திலிருந்து வந்தது, எவ்வளவு பெரியது, எத்தனை தடவை எடுக்கப்பட்டது, கடைசியாக எடுத்த நாள் எது என்று எல்லாம் கட்டம் கட்டமாக வந்தது. ஸ்டூடியோவின் பக்கத்தை மட்டும் பிரித்தார். வரிசை கீழே போய்க்கொண்டே இருந்தது.

"இருக்குதுங்க!" என்றார். "வண்டி வண்டியா இருக்குதுங்க!"

நான் மேசையில் ஒரு குத்து குத்தினேன். முட்டை அட்டை ஒன்று சரிந்து விழுந்தது. நல்லவேளை, காலி அட்டை.

படங்களைத் திறக்கத் திறக்க எல்லாம் தபால் தலை அளவுக்குத்தான் இருந்தன. மண்டபத்து வாசல், முளைப்பாலிகை, தம்பி வாட்ச் கட்டுகிறான், பெண் வீட்டார் வருகிறார்கள். பெரிதாக்கினால் கட்டம் கட்டமாக உடைந்தது. எனக்கு இந்தக் கட்டங்கள் தெரியும், என் தொழிலே இதுதான். இதை வைத்து ஒன்றும் அச்சடிக்க முடியாது. அரக்குச் சேலை ஒன்று கண்ணில் பட்டது. நான்தான். ஆனால் முகம் இருக்கும் இடத்தில் நாலு புள்ளி.

"ஏன் இத்தனை சின்னதா இருக்குதுங்க?" என்றேன்.

"மொத்தமாப் பாக்கும்போது பக்கம் பொடிப் படத்தைத்தான் அனுப்புமுங்க. ஒண்ணைத் தொட்டுத் திறந்தாத்தான் பெரிய படம் வரும். யாராச்சும் திறந்திருந்தாத்தான் அது இங்க இருக்கும்."

வேண்டாம் என்று ஒதுக்கிய படத்தை அம்மா எதற்குத் திறந்திருக்கப் போகிறாள்? நான் நாற்காலியில் சாய்ந்தேன். அவர் விடவில்லை. வரிசையை அளவுப்படி மாற்றினார். பெரியது முதலில் வரும்படி. பெரிய படங்கள் முப்பதுக்கு மேல் இருந்தன. தாலி கட்டுவது, மாலை மாற்றுவது, தம்பி மனைவியின் முகம். எல்லாம் ஆல்பத்தில் இருப்பவை. ஒவ்வொன்றாகத் தட்டிக்கொண்டே போனார். ஏழாவதோ எட்டாவதோ, திரை முழுக்க அரக்கு நிறம் வந்து நின்றது.

நான் உட்கார்ந்திருந்தேன். தம்பி பக்கத்தில். சேலை முனையை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்திருந்தேன், யாரோ பிடுங்கப் போகிற மாதிரி. தம்பி என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான். என் முகத்தில் அழுகையும் திமிரும் ஒன்றாக இருந்தது. சேலைக் கரையில் ஜரிகை இழை இழையாகத் தெரிந்தது. ஒரு கட்டம்கூட உடையவில்லை. நான் சத்தம் போட்டேனா, அழுதேனா என்று நினைவில்லை. ஷெட்டில் கோழிகள் எல்லாம் ஒரே நேரத்தில் கத்தியது நினைவிருக்கிறது.

"அக்கா, இதைப் பாருங்க" என்றார் சர்வீஸ்காரர். அவர் படத்தைப் பார்க்கவில்லை, வரிசையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "மத்த படத்துக்கெல்லாம் எத்தனை தடவைங்கற கட்டத்துல ஒண்ணு, ரெண்டுன்னு இருக்குது. இதுக்கு மட்டும் அம்பத்தெட்டு."

"அப்படீன்னா?"

"இதை அம்பத்தெட்டு தடவை திறந்து பாத்திருக்காங்க. கடைசியாப் பாத்தது, பங்குனி பொறந்த சமயங்க."

பக்கம் அழிந்த சமயம். இரண்டு மாதம் என்றால் அறுபது நாள். தம்பி கம்ப்யூட்டர் பக்கம் வருவதே முட்டை ரேட்டுக்குத்தான். தம்பி மனைவிக்கு அவள் போனே போதும். யார் என்று நான் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும்போதே அம்மா டீ டம்ளர்களோடு உள்ளே வந்தாள். திரையைப் பார்த்தாள். டம்ளரை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றாள். முகமெல்லாம் மலர்ந்துவிட்டது.

"வந்துருச்சுங்களா!" என்றாள் சர்வீஸ்காரரிடம். "இந்தப் படந்தானுங்க! இதுதானுங்க வரமாட்டேன்னுது! தினமும் நல்லா வந்துட்டிருந்தது, ஒரு நா திடீர்னு இங்கிலீஷ்ல என்னமோ வந்து நின்னுபோச்சு. மகராசனா இருங்க, சரி பண்ணிட்டீங்களே!"

படம் வரவில்லை என்று அவள் தம்பியிடம் சொன்னாள், தம்பி சினிமா என்று நினைத்தான். என்னிடம் சொன்னாள், நானும் சினிமா என்று நினைத்தேன். இந்த ஒரு படம் வர வேண்டும் என்றுதான் நாலு தடவை டிராயரைக் காலி செய்திருக்கிறாள். இது வர வேண்டும் என்றுதான் மெஷினை முழுக்கத் துடைக்க ஆள் கூப்பிட்டிருக்கிறாள். நான் ஒரு மணி நேரம் பிந்தியிருந்தால், பார்க்க வேண்டும் என்ற ஆசையிலேயே அதை இல்லாமல் செய்திருப்பாள். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நானும் அவளிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். சோறு சாப்பிட்டாயா, சாப்பிட்டேன் என்று நான்கு மாதத்தை ஓட்டியிருக்கிறோம், இரண்டு பேரும் ஒரே படத்துக்காக ஏங்கிக்கொண்டு.

சர்வீஸ்காரர் டம்ளரை வாங்கிக்கொண்டு, கோழியெல்லாம் எப்படி இருக்கிறது என்று பார்த்துவிட்டு வருவதாகச் சொல்லி வெளியே போனார். அவருக்குக் கோழியைப் பற்றி ஒன்றும் தெரியாது.

"தினமும் பாத்தியாம்மா?"

"ம்."

"அப்பறம் ஏன் இதயம் போடலே?" கேட்கும்போது என் குரல் சண்டைக்குத்தான் வந்தது.

"ஆல்பம்னா வர்றவங்க போறவங்க எல்லாரும் பாப்பாங்க. அதுல உன்னையப் பாத்து உங்க பெரியப்பன் ஒரு சொல்லு சொல்லிட்டா என்னால தாங்க முடியாது. அதுதாஞ் சாமி போடலே." திரையைப் பார்த்துக்கொண்டேதான் பேசினாள். "உங்கப்பன் போனதுக்கப்பறம் உன்ற கல்யாணம் வந்துதல்ல. நான் மணவறைப் பக்கமே வரலே. பந்தியப் பாக்கறேன்னு சொல்லிட்டு சமையக்கட்டுல நின்னுட்டேன். உன்ற கழுத்துல தாலி ஏறுறத நான் பாக்கலே. நீ என்னன்னா முன்னால போயி உக்காந்துட்டே. எத்தனை தடவை பாத்தாலும் எனக்கு ஆறவே இல்லே."

என் கல்யாண ஆல்பத்தை நான் எத்தனை தடவை புரட்டியிருப்பேன். அதில் அம்மா எந்தப் பக்கத்தில் இருக்கிறாள் என்று ஒரு நாளும் தேடியதில்லை. அவள் இல்லை என்பதே அன்றுதான் எனக்குத் தெரிந்தது. ஆல்பத்தில் நான் இல்லை என்று நான்கு மாதம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தவள் நான்.

"இதை ஹால்ல மாட்டற அளவுக்குப் பெருசாப் பண்ண முடியுமா?" என்று கேட்டாள்.

"முடியுமா? கதவளவுக்குப் பண்ணுவேன்" என்றேன். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பசிக்குது, சோறு போடு" என்றேன். மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டேன். சர்வீஸ்காரரையும் விடவில்லை. கிளம்பும்போது அவர், "அப்ப ஃபார்மேட் பண்ணீறலாங்களா?" என்று கேட்டார். வேண்டாம் என்று நாங்கள் இரண்டு பேரும் போட்ட சத்தத்தில் அவர் செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் பைக்கை எடுத்தார்.

ஆவணியில் படம் ஹாலுக்கு வந்தது. சட்டம் போட்டு, வாசலில் நுழைந்ததும் கண்ணில் படுகிற சுவரில் தம்பி ஆணி அடித்தான். அந்த வாரமே பெரியப்பா ஏதோ பத்திரிகை கொடுக்க வந்தார். நான் அடுக்களைக் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டேன். எனக்கும் தைரியம் அவ்வளவுதான். அவர் படத்தைப் பார்த்தார். துண்டைத் தோளிலிருந்து எடுத்தார், உதறாமல் மடியில் வைத்துக்கொண்டார்.

அம்மா தண்ணீர்ச் சொம்போடு அவர் முன்னால் போய் நின்றாள். அவர் எதிரில் நிமிர்ந்து நின்று அவள் பேசி நான் பார்த்ததில்லை.

"என்ற மவ இணைச்சீர் செய்யறா, பாருங்க" என்றாள்.